கால்வாயைத் தாண்டிய பயூமி

பயூமி அண்ணன் வாழ்நாளெல்லாம் கப்பலில் போனவர். கடலில் போனதில்லை. சூயஸில் ஏறுவார், போர்ட் சயீதில் இறங்குவார். மறுநாள் போர்ட் சயீதில் ஏறி சூயஸில் இறங்குவார். கால்வாயின் இந்த இரண்டு முனைக்கும் அப்பால் உலகம் இருக்கிறது என்பதை அவர் மறுத்ததில்லை. அங்கே தனக்கு வேலை இல்லை என்றுதான் சொல்வார்.

எங்கள் தொழில் அப்படி. கால்வாய்க்குள் நுழையும் பெரிய கப்பல்கள் எங்கள் சிறு படகுகளை ஏற்றிக்கொள்ள வேண்டும். கப்பலின் கிரேன் படகைத் தூக்கி மேல்தளத்தில் வைக்கும். படகுக்கு இரண்டு ஆள். மணல் காற்றோ எஞ்சின் கோளாறோ வந்து கப்பல் நிற்க நேர்ந்தால், படகை இறக்கி, கயிற்றைக் கரைக்குக் கொண்டுபோய்க் கட்டுவது எங்கள் வேலை. நேராவிட்டால் வேலை இல்லை. பெரும்பாலும் நேராது. நானும் பயூமியும் இருபது வருடத்துக்கும் மேலாக ஒரே படகில் இப்படி எதுவும் நேராமல் போய்வந்தோம். என் பெயர் ஷெஹாதா. அது இந்தக் கதைக்கு அவ்வளவு முக்கியமில்லை. படகில் பாதி என்னுடையது என்பது முக்கியம்.

சும்மா இருக்கும் நேரத்தில் பயூமி கடை போடுவார். கப்பலில் எங்களுக்கென்று ஓர் அறை கொடுப்பார்கள். அதன் வாசலில் துணியை விரித்து, பாப்பிரஸ் தாளில் அச்சடித்த பழைய ராணிகள், பஞ்சடைத்த ஒட்டகங்கள், சிம் கார்டுகள் எல்லாவற்றையும் பரப்பிவிட்டு உட்கார்ந்துவிடுவார். பிலிப்பைன்ஸ்காரனிடம் அவன் மொழியில் பேரம், உக்ரைன்காரனிடம் அவன் மொழியில் பேரம். எந்த மொழியிலும் அவருக்கு விலையும் 'கட்டாது' என்ற சொல்லும் மட்டுமே தெரியும். அந்த ஒட்டகம் சீனாவில் செய்தது. சீனாவிலிருந்து இதே கால்வாய் வழியாக வந்து, போர்ட் சயீதில் இறங்கி, எங்கள் படகில் ஏறி, சீனாவுக்குத் திரும்பும் கப்பலில் ஒரு சீன மாலுமிக்கு விற்றுப்போகும். "உலக வாணிபம் வாணிபம்னு சொல்றாங்களே, அது இதுதான்டா" என்பார் பயூமி. நான் மறுத்துப் பேசியதில்லை. லாபத்தில் பாதி எனக்கு வந்தது.

கப்பலைப் பார்த்து உலகத்துக்கு ஜோசியம் சொல்லும் வழக்கமும் அவருக்கு இருந்தது. தெற்கிலிருந்து வரும் கப்பல்களில் பெட்டிகள் மலை மாதிரி உயர்ந்திருந்தால் வெள்ளைக்காரர்களுக்குப் பண்டிகை வருகிறது. கார் ஏற்றிய கப்பல்கள் அடுத்தடுத்து வந்தால் அங்கே எவனோ வட்டியைக் குறைத்திருக்கிறான். கோதுமைக் கப்பல் தாமதமானால் நம் ஊர் ரொட்டி இளைக்கும். பாதி நேரம் சரியாக இருக்கும். மீதி நேரம், உலகம் தவறு செய்துவிட்டது என்று சொல்லிவிடுவார்.

பிறகு செங்கடலின் தெற்கு வாயிலில் சண்டை வந்தது. கப்பல்களை நோக்கி ஏவுகணை விட்டார்கள். பெரிய கம்பெனிகள் எல்லாம், வேண்டாம் இந்த வம்பு என்று, ஆப்பிரிக்காவைச் சுற்றிக்கொண்டு போக ஆரம்பித்தன. பத்துப் பதினைந்து நாள் கூடுதல், எண்ணெய்ச் செலவு கூடுதல், அங்கே கடையில் சட்டை விலை கூடுதல். இங்கே எங்களுக்கு முறை வருவதே அபூர்வமாகிவிட்டது. பயூமி அதைத் தனக்குச் செய்த அவமரியாதையாக எடுத்துக்கொண்டார்.

"நம்ம வாசல் வழியா போனா என்னவாம்? ஊரைச் சுத்திட்டுப் போறானுங்க" என்று படகுத்துறையில் உட்கார்ந்து புலம்புவார். மகள் இன்ஷிராஹின் நிக்காஹ் அதனால் ஒரு வருடத்துக்கு மேல் தள்ளிப்போனது. மாப்பிள்ளை ஹம்தி அதே தெருவில் நாலு வீடு தள்ளி இருப்பவன். பக்கத்து ஊர் அத்தாக்காவில் உரத் தொழிற்சாலையில் வேலை. செங்கடல் நிலவரத்தை அவனைப் போல ஊன்றிப் படித்தவன் சூயஸில் வேறு யாரும் இருந்திருக்க மாட்டான்.

கப்பல்கள் மெல்லத் திரும்பி வந்தன. நிக்காஹ் வியாழக்கிழமை என்று முடிவானது. அதே வாரம் செவ்வாய்க்கிழமை எங்கள் படகுக்கு முறை. பயூமி போவேன் என்றார்.

அவர் மனைவி கௌஸர் என் எதிரிலேயே கேட்டாள். "மகளுக்குக் கல்யாணத்தை வச்சுக்கிட்டு யாராவது வேலைக்குப் போவாங்களா?"

"செவ்வாய் போயி புதன் வந்துடுவேன். இத்தனை வருஷத்துல ஒரு நாள் தவறியிருக்கேனா?"

"தம்பி, நீயாவது சொல்லு" என்றாள் என்னிடம்.

"சொன்னா கேக்குற ஆளா அண்ணி?" என்றேன். அதற்கு மேல் சொல்லவில்லை. எனக்கும் அந்த முறைக் கூலி தேவைப்பட்டது.

இன்ஷிராஹ் மருந்துக்கடையில் வேலை பார்ப்பவள். கசப்பு மருந்தைக் கொடுக்கும் குரலிலேயே பேசுவாள். "போங்க வாப்பா. ஆனா புதன்கிழமை மருதாணி வைக்கும்போது நீங்க வீட்டுல இருக்கணும். வியாழக்கிழமை என் கையை நீங்கதான் பிடிச்சுக் கொடுக்கணும். பெரியப்பா சித்தப்பான்னு எவரையும் நான் ஒத்துக்க மாட்டேன்" என்றாள். பெற்றவரின் கையும் மாப்பிள்ளை கையும் ஒன்றையொன்று பிடித்திருக்க, மேலே வெள்ளைக் கைக்குட்டையைப் போட்டுத்தான் எங்கள் ஊரில் நிக்காஹ் சொல்வார்கள். பயூமி அதற்காகக் கைக்குட்டையும் வாங்கி வைத்திருந்தார்.

செவ்வாய்க்கிழமை கப்பல் பெரிய பெட்டிக் கப்பல். கேப்டன் கிரேக்கர், அடுத்த துறைமுகம் கிரீஸில் பிரேயஸ். நாள் முழுக்க ஒன்றும் நேரவில்லை. பயூமி நான்கு ஒட்டகம் விற்றார். சாயங்காலம் போர்ட் சயீத் நெருங்கும்போது கிரேன் எங்கள் படகை ஒரு முழம் தூக்கியது, முனகியது, மறுபடி கீழே வைத்துவிட்டது. ஏதோ குழாய் வெடித்து எண்ணெய் தளமெல்லாம் ஓடியது. பிலிப்பைன்ஸ் மாலுமித் தலைவன் எட்டிப் பார்த்துவிட்டு, அரை மணி நேரத்தில் சரியாகிவிடும் என்றான். கப்பலில் எது உடைந்தாலும் அரை மணி நேரம்தான்.

கால்வாயில் கப்பலுக்கு வழிகாட்டி வந்த பைலட் இறங்கக் கயிற்றேணி கட்டிவிட்டார்கள். கீழே அவரை ஏற்றிப்போகும் படகு கப்பலோடு ஒட்டி ஓடிக்கொண்டிருந்தது. நானும் அதில் இறங்கிவிடலாம் என்று பையை மாட்டினேன்.

"வாங்க அண்ணே, இறங்கலாம்."

"படகு?"

"அது பின்னாடி வரும்."

"எப்படி வரும்? நடந்தா?"

"வியாழக்கிழமை கல்யாணம் அண்ணே!"

"அரை மணி நேரம்னு சொல்றான்ல? நீ இறங்கு. கீழே ஒரு ஆள் இருக்கணும்ல."

"கப்பல் நிக்காது."

"கப்பல் நிக்காதுன்னு எனக்கே பாடம் எடுக்குறியா? போடா."

அவர் ஏன் இறங்கவில்லை என்பது எங்கள் துறையில் எல்லாருக்கும் புரியும். படகுக்காரன் படகை விட்டு இறங்க மாட்டான். எங்களுக்கு முந்திய தலைமுறையில் அப்துல் மவ்ஜூத் என்று ஒருவர் இருந்தார். இதே மாதிரி கிரேன் மக்கர் செய்தபோது படகை விட்டு இறங்கிவிட்டார். படகு பிரான்ஸில் மர்சேய்வரை போய்விட்டது. அன்றிலிருந்து சாகும்வரை அவருக்குப் பெயர் மர்சேய். அவர் பேரனை இன்றைக்கும் மர்சேய் பேரன் என்கிறார்கள், பையன் வக்கீலாக இருக்கிறான். அந்தப் பயம் பயூமிக்கு. எனக்கும் உண்டு. ஆனால் ஒரு படகை ஒருவர் காத்தால் போதும் என்று நான் அன்றைக்குத் தீர்மானித்தேன்.

கப்பல் நிற்காது என்பதில் யார்மீதும் கோபப்பட ஒன்றுமில்லை. பின்னால் கண்ணுக்கெட்டிய தூரம்வரை கப்பல்கள் வரிசையில் வருகின்றன. முன்னால் போவது நின்றால் பின்னால் வருவதெல்லாம் நிற்க வேண்டும். ஒருமுறை ஒரு நீளக் கப்பல் காற்றில் திரும்பிக் குறுக்கே மாட்டிக்கொண்டதில், எங்கெங்கோ தோட்டத்தில் போடும் நாற்காலி வரவில்லை என்று ஆட்கள் தொலைக்காட்சியில் அழுதார்கள். பிரேயஸில் இந்தக் கப்பலுக்கு இடம் ஒதுக்கி, கிரேன் ஒதுக்கி, லாரிகளைக் கூப்பிட்டு வைத்திருக்கிறார்கள். லாரிகளுக்கு அப்பால் கடைகள், கடைகளில் ஆட்கள். இத்தனை பேரையும் காக்க வைத்து, சூயஸில் ஒரு பெண்ணின் கல்யாணத்துக்காகக் கப்பலை நிறுத்த எந்த கேப்டனுக்கும் அதிகாரமில்லை.

நான் பைலட்டோடு இறங்கினேன். பயூமி மேலே கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். கடைசி மிதவையைத் தாண்டியதும் கப்பல் வேகமெடுத்தது. கிரேன் சரியானது இரண்டு மணி நேரம் கழித்து. கிரேன் சரியாகிவிட்டது, கடல்தான் சரியில்லை என்றார் கேப்டன். அந்த அலையில் எங்கள் படகை இறக்கினால் படகும் மிஞ்சாது, பயூமியும் மிஞ்சமாட்டார். ஆகவே வாழ்க்கையில் முதல்முறையாகப் பயூமி கடலில் போனார். பாஸ்போர்ட் இல்லாமல், விற்காத ஒட்டகங்களோடு.

புதன்கிழமை அந்த வீட்டுக்குப் போய்ச் சொல்ல வேண்டியவன் நான். கதவைத் திறந்ததே இன்ஷிராஹ். உள்ளே பெண்கள் மருதாணி குழைத்துக்கொண்டிருந்தார்கள்.

"வாப்பா எங்கே சாச்சா?"

"வர்றாரு."

"எங்கே வர்றாரு?"

"இப்ப கிரீஸ் பக்கம் போயிட்டிருக்காரு" என்றேன். வேறு எப்படிச் சொல்வது?

கௌஸர் தலையில் அடித்துக்கொண்டாள். "ஐயோ, காய்கறி வாங்கப் போனாக்கூட வழி தவறாத மனுஷனாச்சே!"

நான் நடந்ததைச் சொன்னேன். இன்ஷிராஹ் குறுக்கே பேசாமல் கேட்டாள். கடைசியில் ஒன்றுதான் கேட்டாள்.

"ஏணி இருந்துச்சா?"

"இருந்துச்சு."

"நீங்க இறங்குனீங்க."

"இறங்குனேன்."

"படகை விட்டு வர மனசு வரலை. என்னை விட்டுட்டுப் போயிட்டார்" என்றாள். அழவில்லை. உள்ளே போய்க் கையை நீட்டி மருதாணி வைத்துக்கொண்டாள். அழுதிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும்.

வியாழக்கிழமை சாயங்காலம் மண்டபம் நிறைந்துவிட்டது. மீன் சோறு தயார், சிவப்பு சர்பத் தயார், சிம்சிமிய்யா யாழின் நரம்புகளை முறுக்கிக்கொண்டு பாட்டுக்காரர்கள் தயார். காஜியார் பதிவுப் புத்தகத்தைத் திறந்து வைத்துவிட்டார். அப்போது பிரேயஸிலிருந்து போன் வந்தது. கப்பல் ஏஜென்ட்டின் போனில், பயூமியின் முகம் படமாக வந்தது. பின்னால் எங்கள் படகு. இறங்க விட மாட்டேன் என்கிறார்களாம், பாஸ்போர்ட் இல்லாத ஆளை எந்த நாட்டில் இறங்க விடுவார்கள்? கைமாறி வந்த போனை வாங்கிக் காஜியார் முன்னால் பிடித்தேன்.

"காஜியாரே, கேக்குதா? என் மகளுக்கு என் இடத்துல ஷெஹாதா நிக்கட்டும். நானே வாயால சொல்றேன். சபையில எல்லாரும் சாட்சி" என்றார் பயூமி.

காஜியார் தாடியைத் தடவினார். "குரல் உங்க குரல்தானே?"

"வேற யாரு குரல்?"

"சரி. சபைக்கும் கேட்டுச்சு" என்று சொல்லி என்னைக் கூப்பிட்டு ஹம்தியின் எதிரில் உட்கார வைத்தார். ஹம்தியின் கை வேர்த்திருந்தது. என் கையும்தான். கைக்குட்டையை மேலே போட்டார்கள். காஜியார் பெண்கள் பக்கம் திரும்பி, வழக்கப்படி கேட்டார். "இன்ஷிராஹ், உனக்குப் பதிலா இங்கே பேசப் போறது யாரும்மா?"

"எங்க வாப்பா."

"அவருதான் ஷெஹாதாவை நிறுத்தியிருக்காரேம்மா."

"அவர் நிறுத்தலாம். நான் நிறுத்தலை. எனக்கு எங்க வாப்பாதான்."

"அவர் இங்கே இல்லையேம்மா."

"வர்ற வரைக்கும் இருப்போம்."

மண்டபத்தில் ஒருவர் மூச்சு விட்டது தெளிவாகக் கேட்டது. அது ஹம்தியின் மாமா. "என்னம்மா விளையாடுறியா? ஆக்கின சோறு காத்திருக்குமா?"

"சோத்தைச் சாப்பிடுங்க மாமா. கல்யாணம்தான் நிக்குது" என்றாள். பிறகு நேராக வந்து என் கையிலிருந்து போனைப் பிடுங்கினாள். "வாப்பா, எப்ப வருவீங்க?"

பயூமி தடுமாறினார். "இந்தக் கப்பல் ஹாம்பர்க் போயிட்டுத் திரும்பி நம்ம கால்வாய் வழியாத்தாம்மா வருது. ஒன்றரை மாசம். படகோடயே வந்து இறங்கிடலாம். இல்லேன்னா தூதரகத்துல ஒரு காகிதம் வாங்கி பிளேன்ல அனுப்புறாங்களாம். ஆனா படகை இதுலயே விட்டுட்டு வரணும்."

"சரி. ரெண்டுல எது?"

"நீ இப்ப நிக்காஹை முடிச்சுக்கம்மா. ஊரெல்லாம் வந்திருக்கு."

"ஒரு கப்பல் நின்னா பின்னாடி வர்றதெல்லாம் நிக்கணும்னு நீங்கதானே சொல்லுவீங்க? நான் நின்னுட்டேன். எல்லாரும் நிக்கட்டும்."

"எத்தனை நாளைக்கும்மா?"

"அது உங்க கையில இருக்கு."

ஹம்தி என் கையை இன்னும் விடவில்லை. "நானும் நிக்கிறேன்" என்றான். பாவம், அவனை யாரும் கேட்கவில்லை.

போனில் பயூமி திரும்பிப் படகைப் பார்த்தார். நானும் அதைப் பார்த்தேன். நல்ல படகு. போன வருடம் சும்மா இருந்த காலத்தில் நாங்கள் இருவருமே சுரண்டிப் பூசிய படகு. அவர் முகம் திரும்பி வந்தபோது ஒரு மாதிரி இருந்தது.

"சரிம்மா, படகு போகட்டும்" என்றார். "நான் வர்றேன்."

படகில் பாதி என்னுடையது என்று முதலிலேயே சொன்னேன். என்னை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் அதையேதான் சொல்லியிருப்பேன், ஆனால் கேட்டிருக்கலாம்.

அன்று விருந்தினர் எல்லாரும் உட்கார்ந்து மீன் சோற்றை ஒரு பருக்கை மிச்சமில்லாமல் சாப்பிட்டுவிட்டு, நடக்காத கல்யாணத்துக்கு வாழ்த்துச் சொல்லிவிட்டுப் போனார்கள். பாட்டுக்காரர்கள் வந்ததற்கு வாசித்தார்கள். ஹம்தியின் மாமா இரண்டு முறை சோறு வாங்கினார்.

தூதரகக் காகிதம் வர ஒரு வாரத்துக்கு மேல் ஆனது; அதுவரை பிரேயஸ் துறைமுகத்திலேயே ஓர் அறையில் காவலில் வைத்திருந்தார்கள். பயூமி விமானத்தில் கெய்ரோ வந்து, பஸ் பிடித்து சூயஸ் வந்து சேர்ந்தார். மேலே கப்பலில் கொடுத்த ஆரஞ்சு நிறச் சட்டை, கையில் ஒரு பிளாஸ்டிக் பை. அதில் ஒட்டகங்கள். படகுத்துறை வழியாக நடந்து வந்தபோது பையன்கள் "பிரேயஸ் வந்துட்டார், பிரேயஸ் வந்துட்டார்" என்று கத்தினார்கள். படகோடு போனாலும் பெயர், படகை விட்டு வந்தாலும் பெயர். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. எனக்கு அது ஆச்சரியமாக இருந்தது.

வீட்டில் இன்ஷிராஹ் அவருக்குத் தண்ணீர் கொடுத்தாள். "கைகால் கழுவிட்டு வாங்க, சோறு வைக்கிறேன்" என்றாள். அடுப்படிக்குப் போய்விட்டாள். அவர் என்னைத் தனியே இழுத்துப்போனார்.

"கோபமா இருக்காளாடா?"

"எனக்கு எப்படித் தெரியும்? என் பாதிப் படகை ஜெர்மனிக்கு அனுப்பிட்டு வந்திருக்கீங்க. நானே கோபமாத்தான் இருக்கேன்."

"மன்னிச்சுக்கடா" என்றார். இருபது வருடத்தில் அந்தச் சொல்லை அவர் வாயில் நான் கேட்டதில்லை. எனக்குக் கோபம் போய்விட்டது, வெட்கமாகிவிட்டது.

மறுநாள் மாலை வீட்டுக்குள்ளேயே நிக்காஹ். மண்டபம் இல்லை, மீன் சோறு இல்லை, சர்பத் மட்டும். காஜியார் கேட்டார், "இன்ஷிராஹ், உனக்குப் பதிலா பேசப் போறது..." அவர் கேள்வியை முடிப்பதற்குள், "எங்க வாப்பா. இதோ உக்காந்திருக்கார்" என்றாள் அவள்.

பயூமி ஹம்தியின் கையைப் பிடித்தார். கைக்குட்டை விழுந்தது. காஜியார் சொல்லச் சொல்ல அவர் திருப்பிச் சொல்ல வேண்டும். 'என் மகள்' என்ற இடத்துக்கு வந்ததும் நின்றுவிட்டார். காஜியார் மறுபடி சொன்னார். மறுபடியும் அங்கேயே நின்றார். மூன்றாவது தடவை எப்படியோ சொல்லி முடித்தார். அழுதார். நானும் அழுதேன், அதை மறைத்து என்ன ஆகப்போகிறது. ஹம்தி ஏற்றுக்கொண்டேன் என்றான். பெண்கள் குலவையிட்டார்கள்.

"முடிஞ்சுது. கையை எடுங்க" என்றார் காஜியார்.

பயூமி எடுக்கவில்லை. கைக்குட்டைக்கு அடியில் அவர் முஷ்டி இறுகியிருந்தது. ஹம்தி வலியில் நெளிந்தான், மரியாதைக்குச் சிரித்தான். காஜியார் இன்னொரு முறை சொன்னார். கௌஸர் சொன்னாள். அவர் யாரையும் பார்க்காமல் அப்படியே பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

இன்ஷிராஹ் எழுந்து வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தாள். கைக்குட்டையை நீக்கினாள். அவர் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தாள்.

"விடுங்க வாப்பா" என்றாள். "நாலு வீடு தள்ளித்தான் போறேன்."

அவர் விட்டார்.